இடது பக்கமே சுற்றிய டாங்கி

கணினித் திரையில் ஒரு டாங்கி. மணல் நிறத்தில் தரை, ஓரத்தில் இடிந்த சுவர் ஒன்று. அந்த டாங்கி நின்ற இடத்திலேயே இடது பக்கமாகச் சுற்றிக்கொண்டிருக்கிறது. ஒரு சுற்று, இரண்டு சுற்று, பத்துச் சுற்று. அதைப் பார்த்து நாங்கள் சிரிக்கிறோம். இருபது வருஷம் ஆகப் போகிறது. கண்ணை மூடினால் இன்றைக்கும் அது சுற்றுகிறது, நாங்கள் சிரித்த சத்தமும் கேட்கிறது. நாங்கள் சிரித்துக்கொண்டிருந்த அந்த நேரத்தில் அரைக் கிலோமீட்டர் தள்ளி, உள்பக்கம் தாழ் போட்ட ஒரு வீட்டுக்குள், கணக்கு டீச்சர் நாற்காலியிலிருந்து சரிந்துகொண்டிருந்தார். அவர் உயிர் போகுமா நிற்குமா என்பது யாராவது அந்தக் கதவைத் திறப்பதில் இருந்தது. திறக்க வேண்டியவன் நான். திறப்பதற்கு எனக்கு முக்கால் மணி நேரத்துக்கு மேல் ஆயிற்று. அவ்வளவு நேரம் நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்பதைத்தான் எழுதப் போகிறேன். என் பிள்ளைகளுக்கே இதுவரை முழுதாகச் சொன்னதில்லை. எழுதினால் உங்களைப் போன்ற மற்ற பிள்ளைகளும் படிப்பார்களே என்று கூச்சமாக இருக்கிறது. இருந்தாலும் எழுதுகிறேன்.

நான் பத்தாம் வகுப்பில் இரண்டு தடவை தவறியவன். இரண்டாயிரத்து ஐந்தோ ஆறோ, அந்த வாக்கில், திருக்கழுக்குன்றத்தில் ஒரு கேபிள் டிவி முதலாளியிடம் லைன்மேன் வேலை பார்த்தேன். முதலாளி டிவியோடு நிற்காமல் வீடுகளுக்கு இன்டர்நெட்டும் கொடுக்க ஆரம்பித்திருந்தார். இப்போது போல அது காற்றில் வராது. நீல நிற ஒயர் ஒன்று மொட்டை மாடிக்கு மொட்டை மாடி தாவிப் போகும். நாலைந்து வீட்டுக்கு ஒரு மாடியில், மழை படாமல் பிளாஸ்டிக் டப்பாவுக்குள், ஒயர்கள் வந்து சேரும் ஒரு சின்னப் பெட்டி இருக்கும். அதை நாங்கள் சுவிட்ச் என்போம். கடைத்தெருவில் ஒரு மாடியில் எங்கள் இடம். முன்பக்கம் ஆறு கணினி போட்ட பிரவுசிங் சென்டர், பின்பக்கம் கேபிள் ரூம். கேபிள் ரூம் மூலையில் ஒரு பழைய கணினி. அதில்தான் டாங்கி விளையாட்டு ஓடும். எங்கள் லைன் இருக்கிற எந்த வீட்டிலிருந்தும் அதற்குள் வரலாம், ஆளுக்கொரு டாங்கி, ஒருவரை ஒருவர் தேடிச் சுட வேண்டும். ஞாயிற்றுக்கிழமை மதியம் இரண்டிலிருந்து ஐந்து வரை ஏழெட்டுப் பேர் சேருவார்கள். யாருடைய லைனும் அறுந்துவிடாமல் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு.

கடற்கரைப் பக்கம் அணு ஆராய்ச்சி வேலைக்குப் போகிற குடும்பங்கள் நிறையப் பேர் எங்கள் ஊரில் வாடகைக்கு இருந்தார்கள். டீச்சரின் கணவரும் அப்படி வந்தவர்தான். அவர் தவறிப்போன பிறகும் டீச்சர் சொந்த ஊரான திருநெல்வேலிப் பக்கம் போகாமல், மாமல்லபுரம் ரோட்டில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்குப் பாடம் எடுத்துக்கொண்டு தனியாகவே இருந்தார். வயது ஐம்பதைத் தாண்டியிருக்கும். அவர் எங்கள் சென்டருக்கு முதலில் வந்தது சண்டை போடத்தான். வகுப்பில் பாதிப் பேர் வீட்டுப்பாடம் எழுதாமல் வருகிறார்கள், கேட்டால் டாங்கி என்கிறார்கள் என்று குடையை நீட்டிக்கொண்டு உள்ளே வந்தார். திட்டி முடித்துவிட்டு ஒரு கணினிக்குப் பின்னால் பத்து நிமிஷம் நின்று பார்த்தார். பிறகு, “அந்தக் குண்டு விழுத கோணம் தப்பா இருக்கே, எந்திரி” என்று உட்கார்ந்திருந்தவரை எழுப்பிவிட்டுத் தானே உட்கார்ந்தார். அடுத்த மாதமே வீட்டுக்கு லைன் வாங்கிவிட்டார். விளையாட்டில் அவர் வைத்துக்கொண்ட பெயர் ‘கணக்கு’.

எங்கள் கூட்டத்தில் ஒரு பைக் மெக்கானிக் உண்டு. என்னோடு படித்தவன். எல்லா ஞாயிறும் கடையை மூடிவிட்டு, கையில் கிரீஸ் வாசனையோடு சென்டரில் வந்து உட்காருவான். ஒருநாள் மழையில் டீச்சர் லைன் போய் அவருடைய டாங்கி மரம் மாதிரி நின்றுவிட்டது. இவன் விடாமல் ஏழு தடவை அதை வெடிக்க வைத்தான். மறுநாள் காலையில் டீச்சர் நேராக அவன் கடைக்கே போய்விட்டார். “லைன் போயி நிக்குத மனுசியச் சுடுதது என்ன வீரம்?” என்று வாடிக்கையாளர் முன்னாலேயே கேட்டார். அவன் வழிந்துகொண்டு நின்றானாம். அதிலிருந்து எங்கள் ஊரில் ஒரு வழக்கம் வந்தது. யாருடைய லைனாவது போய் டாங்கி அசையாமல் நின்றால், மற்றவர்கள் சுடக் கூடாது. சுற்றி நின்று காவல் காக்க வேண்டும். லைன் வந்து அந்த டாங்கி அசைந்த பிறகுதான் சண்டை. எங்கேயும் இல்லாத இந்த வழக்கத்தில் எங்களுக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. ஒரு டாங்கி அசையாமல் நின்றால் லைன்தான் போயிருக்கும், வேறு எதுவும் ஆகியிருக்காது என்று அந்த வழக்கமே எங்களைப் பழக்கிவிட்டது என்பது அப்போது தெரியவில்லை.

லைன் போயிற்றா இல்லையா என்று பார்க்க எனக்கு இரண்டு வழி இருந்தது. ஒன்று, விளையாடுகிறவர்களின் பெயர்ப் பட்டியல். ஒயர் அறுந்தால் ஒரு நிமிஷத்துக்குள் அந்தப் பெயர் பட்டியலிலிருந்து தானாக மறைந்துவிடும். இன்னொன்று பிங். கணினியில் ஒரு கறுப்புத் திரையைத் திறந்து, அந்த வீட்டுக் கணினியின் எண்ணை அடித்தால், ‘இருக்கியா?’ என்று நான்கு தடவை கேட்டுப் பார்க்கும். லைன் நன்றாக இருந்தால் ‘இருக்கேன்’ என்கிற மாதிரி நான்கு பதில் வரிசையாக வரும். இல்லாவிட்டால் பதில் வராது. இதற்கெல்லாம் மேலே முதலாளியின் சட்டம் ஒன்று இருந்தது. “மொதல்ல நம்ம லைன பாரு. நம்ம மேல தப்பு இல்லன்னு தெரிஞ்சப்புறம்தான் கஸ்டமர் வூட்டுக் கதவ தட்டணும். முன்னாடியே தட்னா அவன் நம்மள திட்டுவான், நாம பதில் பேச முடியாது.” நல்ல சட்டம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்குப் பத்துப் பன்னிரண்டு நாள் முன்னால், எங்கள் ஊர் மலைக்கோயில் குரங்குகள் இறங்கி டீச்சர் வீட்டு மாடியில் ஒயரைப் பிய்த்துப் போட்டிருந்தன. அந்தத் துண்டு முழுவதையும் மாற்றச் சொல்லி முதலாளி புது ஒயர் கொடுத்தார். உச்சி வெயில். மாடியில் கால் வைக்க முடியவில்லை. நான் மாற்றவில்லை. அறுந்த இடத்தில் இரண்டு முனையையும் முறுக்கி, கறுப்பு டேப் சுற்றிவிட்டு, புது ஒயரை கேபிள் ரூமில் பழைய டிஷ் ஆன்டெனாவுக்குப் பின்னால் ஒளித்து வைத்துவிட்டேன். “மாத்திட்டியா?” என்று முதலாளி கேட்டபோது, “மாத்திட்டேண்ணா” என்றேன். டீச்சரிடமும் புது ஒயர் போட்டாயிற்று என்றே சொன்னேன். அதற்கு முந்தின மாதம்தான் வேறு ஒரு பொய்யில் மாட்டிக்கொண்டு, இன்னொரு தடவை பொய் சொன்னால் வேலைக்கு வர வேண்டாம் என்று முதலாளியிடம் எச்சரிக்கை வாங்கியிருந்தேன். எனக்குக் கல்யாணம் ஆகி ஒரு வருஷம். உங்கள் அக்கா வயதில் இன்று இருக்கிற என் மூத்த பெண் அப்போது பிறக்கவே இல்லை, வீட்டில் என் மனைவி ஏழு மாதக் கர்ப்பம். வேலை போனால் என்ன செய்வது என்ற பயம் எப்போதும் இருந்தது.

அன்று மூன்று மணி தாண்டியிருக்கும். முன்பக்கத்திலிருந்து மெக்கானிக் கத்தினான். “மச்சான், இங்க வாயேன்! டீச்சர் டான்ஸ் ஆடிகினு கீறாங்க!” போய்ப் பார்த்தேன். அதுதான் நான் முதலில் சொன்னது. டீச்சரின் டாங்கி இடது பக்கமாகவே சுற்றிக்கொண்டிருந்தது. மெக்கானிக் அவருக்குக் கேலியாக ஏதோ அடித்து அனுப்பினான். ‘இன்னா டீச்சர், தலை சுத்தலியா?’ என்று. பதில் வரவில்லை. வழக்கமாக அவர் உடனே ஒரு வரி திருப்பி அடிப்பார். கொஞ்ச நேரத்தில் டாங்கி சுவரைப் பார்த்தபடி நின்றுவிட்டது. “புட்டுகிச்சி லைனு” என்றான் மெக்கானிக். மற்றவர்கள் தங்கள் டாங்கிகளைக் கொண்டுவந்து சுற்றி நிறுத்தினார்கள். ஒன்று, இரண்டு, ஐந்து டாங்கிகள். பீரங்கியை வெளிப்பக்கம் திருப்பி, வழக்கப்படி, மரியாதையாகக் காவல் நின்றார்கள்.

நான் பின்பக்கம் ஓடிப் பட்டியலைப் பார்த்தேன். ‘கணக்கு’ என்ற பெயர் இருந்தது. ஒரு நிமிஷம், இரண்டு நிமிஷம் ஆகியும் மறையவில்லை. பிங் அடித்தேன். நான்கு பதிலும் வரிசையாக வந்தது. இதை நன்றாகக் கவனியுங்கள் பிள்ளைகளே. லைன் நன்றாக இருக்கிறது என்று எனக்கு இரண்டு விதமாகத் தெரிந்துவிட்டது. லைன் நன்றாக இருந்தால் ஆளுக்குத்தான் ஏதோ ஆகியிருக்க வேண்டும். ஒரு சின்னப் பிள்ளைகூட இதைச் சொல்லிவிடும். ஆனால் எனக்கு அந்த நேரத்தில் அந்தக் கறுப்பு டேப் மட்டும்தான் கண்ணில் தெரிந்தது. முறுக்கிப் போட்ட இணைப்பு விட்டு விட்டு வேலை செய்கிறது, அதனால்தான் பாதி வருகிறது பாதி வரவில்லை என்று எனக்கு நானே ஒரு காரணம் சொல்லிக்கொண்டேன். திங்கட்கிழமை டீச்சர் முதலாளியிடம் போய்ப் புகார் சொல்வார், முதலாளி மாடி ஏறிப் பார்ப்பார், டேப் தெரியும். அதற்கு முன்னால் மாற்றிவிட வேண்டும். டிஷ்ஷுக்குப் பின்னால் கையை விட்டுப் புது ஒயரை எடுத்துக்கொண்டு சைக்கிளில் கிளம்பிவிட்டேன்.

டீச்சர் வீடு ஒரே தளம் கட்டிய வீடு. வெளிப்பக்கமாக மாடிப்படி. அவர் வெளியே வந்து, “இப்பத்தானே புதுசு போட்டே, மறுபடியும் என்ன?” என்று கேட்டால் என்ன சொல்வது? அதனால் சைக்கிளைப் பக்கத்து வீட்டு வாசலில் நிறுத்திவிட்டு, திருடன் மாதிரி அடி மேல் அடி வைத்துப் படி ஏறினேன். எதிரே மலை, உச்சியில் கோபுரம், வெயிலில் கண் கூசியது. டேப்பைப் பிரித்தேன். செம்புக் கம்பி பளபளவென்று இருந்தது. களிம்பு இல்லை, விட்டுப் போகவும் இல்லை. இணைப்பு கெட்டியாக இருந்தது. அதைப் பார்த்த பிறகாவது நான் படி இறங்கியிருக்க வேண்டும். ஒரு நிமிஷம் அதைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றேன். எதற்கும் இருக்கட்டும், வந்தது வந்தோம், தடயம் இல்லாமல் மாற்றிவிடுவோம் என்று வெட்டிவிட்டேன்.

வெட்டின இரண்டாவது நிமிஷம் செல்போன் அடித்தது. மெக்கானிக்தான். “மச்சான், இப்ப பேரே பூட்ச்சி.”

“இப்பத்தான் போச்சா?”

“ஆமா, இப்பத்தான். அதுவரிக்கும் இருந்திச்சி.”

அந்த வார்த்தையில் என் முதுகில் ஏதோ ஊர்ந்தது. எதற்கு என்று அப்போது புரியவில்லை. இல்லை, புரிந்துவிடும் என்று பயந்து, நினைப்பதை நிறுத்திவிட்டேன் என்பதே சரி. கை மட்டும் வேலை செய்தது. பக்கத்து மாடியில் இருந்த சுவிட்ச் பெட்டியிலிருந்து கைப்பிடிச் சுவர் மேல் புது ஒயரை இழுத்தேன். ஒயருக்குள் இருக்கும் எட்டுச் சின்னக் கம்பிகளையும் நிறம் பார்த்து அடுக்கி, முனையில் ஜாக் வைத்து அழுத்த வேண்டும். அவசரத்தில் ஒரு தடவை வரிசை தப்பியது. மறுபடி வெட்டி, மறுபடி அடுக்கினேன். டீச்சரின் மாடிச் சுவரில் இருந்த இணைப்புப் பெட்டியில் செருகியதும் பச்சை விளக்கு எரிந்தது. கால் மணி நேரத்துக்கு மேலாகியிருக்கும். அவ்வளவு நேரமும் அந்த மாடியில் இப்படியும் அப்படியும் நடந்துகொண்டிருந்தேன்.

இறங்கும்போது அவர் வீட்டு வாசலைத் தாண்டித்தான் வர வேண்டும். வாசலில் அவருடைய செருப்பு இருந்தது. உள்ளே மின்விசிறி ஓடும் சத்தம். கூடவே விளையாட்டின் முதல் பக்கத்தில் வரும் இசை திரும்பத் திரும்ப ஒலித்துக்கொண்டிருந்தது. லைன் அறுந்ததால் விளையாட்டு முதல் பக்கத்துக்குப் போயிருக்கிறது, உள்ளே யாரும் பொத்தானைத் தொடவில்லை என்று அதற்கு அர்த்தம். ஜன்னல் பக்கம் ஒரு நிமிஷம் நின்றேன். திரை போட்டிருந்தது. தட்டலாமா என்று கை தூக்கினேன். டீ போடப் போயிருப்பார், நாம் வந்ததே தெரியாமல் போய்விடுவதுதான் நல்லது என்று தோன்றியது. தூக்கின கையை இறக்கிக்கொண்டேன்.

ரூமுக்குத் திரும்பி வந்து பிங் அடித்தேன். நான்கு பதில். ‘கணக்கு’ பட்டியலுக்கு வரவில்லை. ஐந்து நிமிஷம் பார்த்தோம், பத்து நிமிஷம் பார்த்தோம். மெக்கானிக்குக் கை சும்மா இருக்காது. டீச்சர் எப்படி அப்படிச் சுற்றினார் என்று செய்து பார்த்துக்கொண்டிருந்தான். இந்த விளையாட்டில் இடது கை விசைப்பலகையில் இருக்க வேண்டும், வண்டியை ஓட்ட. வலது கை மௌஸில், குறி பார்க்க. “மச்சான், பாரேன். எடது கைய மட்டும் இந்த பட்டன்ல அப்டியே போட்டுட்டு வுட்டா இப்டித்தான் சுத்துது” என்றான். அவன் டாங்கி திரையில் சுற்றியது, டீச்சருடையது சுற்றிய அதே மாதிரி. சிரித்துக்கொண்டே சொன்னவன் சிரிப்பை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தான்.

“அப்ப மௌஸ் புட்ச்ச கை இன்னா ஆச்சி?”

நான் வெட்டும் வரைக்கும் பெயர் இருந்தது. நான் வெட்டும் வரைக்கும் லைன் இருந்தது. எல்லாம் ஒரே நேரத்தில் மண்டைக்குள் வந்து விழுந்தது. “மச்சான், வண்டிய எடு” என்று மட்டும் சொன்னேன்.

கதவு உள்பக்கம் தாழ். “டீச்சர்! டீச்சர்!” என்று இரண்டு பேரும் கத்தினோம். அந்த இசைதான் கேட்டது. ஜன்னல் வழியாகக் கையைவிட்டுத் திரையை ஒதுக்கினேன். சாய்ந்து கிடந்த நாற்காலியும், அதற்குப் பக்கத்தில் ஒரு பாதமும் தெரிந்தன. மெக்கானிக் பின்பக்கம் ஓடி, ஸ்பேனரால் நெம்பிக் கொல்லைக் கதவின் கொண்டியைப் பெயர்த்தான். டீச்சர் தரையில் வலப்பக்கமாகக் கிடந்தார். வாய் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு எச்சில் வழிந்திருந்தது. செத்துப் போயிருப்பார் என்று நினைத்துத்தான் நான் கிட்டே போனேன். கண் திறந்திருந்தது. அந்தக் கண் அசைந்து என்னைப் பார்த்தது. அந்தப் பார்வையை உங்களுக்கு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. அதில் கோபம் இல்லை. பயம்தான் இருந்தது. என் பயத்தைவிடப் பெரிய பயம். அன்றுவரைக்கும் நான் பயந்ததெல்லாம் பயமே இல்லை என்று அந்தக் கண்ணைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது.

தெருமுனையில் நின்ற ஒரு வேனில் ஏற்றிச் செங்கல்பட்டு பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனோம். வழி முழுக்க அவருடைய தலை என் மடியில். மெக்கானிக் முன்சீட்டில் உட்கார்ந்து டிரைவரைத் திட்டிக்கொண்டே வந்தான். “ஓரம் போவாதண்ணாத்த, நடுவுல அடி, நடுவுல அடி!” என்று. அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டதை நான் பின்னாலிருந்து பார்த்தேன். டீச்சரின் இடது கை என் சட்டையைப் பிடித்திருந்தது. ஆஸ்பத்திரி வரைக்கும் விடவில்லை.

டாக்டர் இளவயதுக்காரர். கண்ணுக்குள் விளக்கடித்துப் பார்த்தபடியே, “எவ்வளவு நேரம் ஆச்சு?” என்று கேட்டார். “கால் மணி நேரம் சார்” என்று என் வாய் சொல்லிவிட்டது. நான் யோசிக்கவே இல்லை. பொய் அவ்வளவு தயாராக உள்ளே இருந்திருக்கிறது. வேனில் வந்த நேரமே அதைவிட அதிகம். அவர் எழுதிக்கொண்டு உள்ளே போனார். வெளியே பெஞ்சில் உட்கார்ந்தேன். மெக்கானிக் என்னைத் திரும்பிப் பார்த்து, “மூணே கால்ல நான் அவங்களுக்கு அட்ச்சி வுட்டேனே மச்சான்” என்றான். சுவரில் மணி நாலரை காட்டியது. எழுந்து உள்ளே போய், நர்ஸ் தடுத்தும் கேட்காமல், “சார், தப்பாச் சொல்லிட்டேன். மூணே காலுக்கு ஆச்சு. நான்தான் லேட் பண்ணிட்டேன்” என்றேன். டாக்டர் எழுதியதை அடித்துவிட்டுப் பக்கத்தில் வேறு எழுதினார். பிறகு நிமிர்ந்து ஒரே ஒரு தடவை என் முகத்தைப் பார்த்தார்.

டீச்சர் பிழைத்துக்கொண்டார். திருநெல்வேலியிலிருந்து அவருடைய தம்பி வந்து பக்கத்திலேயே இருந்து பார்த்துக்கொண்டார். பேச்சு மெல்ல மெல்லத் திரும்பியது. வலது கை திரும்பவே இல்லை. நான் தாமதித்த அந்த நேரம்தான் அந்தக் கையைக் கொண்டு போயிற்றா, இல்லை எப்படியும் போயிருக்குமா என்று டாக்டரிடம் கேட்டால் சொல்லியிருப்பார். கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை. முதலாளியிடம் நானே போய் ஒயர் விஷயத்தைச் சொன்னேன். கையில் இருந்த ரிமோட்டை விட்டெறிந்தார், என் மேல் படவில்லை. வேலையிலிருந்து நிறுத்தவும் இல்லை. நான் இத்தனை நாள் நடுங்கிய விஷயம் அவ்வளவுதான், இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிட்டது.

மூன்று மாதம் கழித்து டீச்சரின் தம்பி சென்டருக்கு வந்தார். “அக்கா ஒங்களக் கூப்புடுதா. லைன ஒருக்கா பாக்கணுமாம்.” போனேன். டீச்சர் அதே நாற்காலியில், வலது கையை மடியில் ஒரு துண்டின் மேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். லைனில் ஒரு கோளாறும் இல்லை. அவர் கூப்பிட்டது அதற்கு இல்லை என்று எனக்கும் தெரிந்தது. தரையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். குரங்கு பிய்த்தது, டேப் சுற்றியது, நல்ல லைனை வெட்டியது, எல்லாம். முடித்த பிறகு, அவர் ஒவ்வொரு சொல்லாகத் தேடி எடுத்துப் பேசினார்.

“தெரியும்.”

“எப்படி டீச்சர்?”

“மேல நடந்தியே. கேட்டுச்சு.” கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினார். “கீழ கெடக்கேன். மேல செருப்புச் சத்தம். அப்பாடா, ஆளு வந்துட்டுன்னு நெனச்சேன். இங்கிட்டும் அங்கிட்டும் நடக்குத. எறங்குத. ஜன்னல்ல நெழல் விழுந்துச்சு. கூப்புடுதேன், கூப்புடுதேன், வாய் வரல. நெழல் போயிட்டு.”

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

“ஏன் தட்டல?”

“பயந்துட்டேன் டீச்சர்.”

“எதுக்கு?”

“நீங்க திட்டுவீங்கன்னு.”

அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு முகத்தில் சிரிக்க முடிந்த பாதி மட்டும் சிரித்தது. கண்ணில் தண்ணீர் வந்து இரண்டு பக்கமும் வழிந்தது. “திட்டத்தாம்ல செஞ்சிருப்பேன்” என்றார்.

அடுத்த வருஷம் அவர் தம்பியோடு ஊருக்கே போய்விட்டார். நான் இப்போது நாவலூர்ப் பக்கம் பெரிய பெரிய அடுக்குமாடிகளில் லைன் வேலை பார்க்கிறேன். நீல ஒயர் போய்க் கண்ணாடி இழை வந்துவிட்டது. எந்த வீட்டில் கோளாறு என்று செல்போனிலேயே தெரிகிறது, எங்கே அறுந்திருக்கிறது என்றுகூட அதுவே சொல்லிவிடுகிறது. என்கூட வேலை செய்கிறவர்கள் நேராக ஒயர் இருக்கிற இடத்துக்குப் போய்விடுவார்கள். நான் மட்டும் முதலில் அந்த வீட்டுக் கதவைத் தட்டுவேன். மதியத் தூக்கத்தைக் கெடுத்துவிட்டேன் என்று திட்டியவர்கள் உண்டு. மீட்டிங்கில் இருக்கிறேன், மேலே போய்ப் பார்க்க வேண்டியதுதானே என்று மூஞ்சியில் அடித்த மாதிரி கதவைச் சாத்தியவர்களும் உண்டு. அவர்கள் திட்டட்டும், அதில் ஒன்றும் இல்லை. தட்டிவிட்டு, உள்ளேயிருந்து “யாரு?” என்று ஒரு குரல் வரும்வரை வெளியே நிற்கிறேனே, அந்தக் கொஞ்ச நேரம்தான். இத்தனை வருஷத்துக்குப் பிறகும் அப்போது என் கை சில்லிட்டுப் போகிறது.